39 பேரில் தொடங்கி 28-ல் நின்ற சீசன்: கிரினெல் கல்லூரி அமெரிக்கக் கால்பந்து அணி, 2019

2019 அக்டோபர் 1, செவ்வாய்க்கிழமை. அமெரிக்காவின் அயோவா மாநிலத்தில் இருக்கும் கிரினெல் கல்லூரி ஓர் அறிவிப்பு வெளியிட்டது. கல்லூரியின் அமெரிக்கக் கால்பந்து அணி அந்த சீசனில் மூன்று மேட்ச் ஆடி மூன்றிலும் தோற்றிருந்தது. மீதி ஏழு மேட்ச்களையும் அது ஆடாது என்றது அறிவிப்பு. நிறுத்திவிடலாம் என்று வாக்களித்தவர்கள் களத்தில் ஆடிக்கொண்டிருந்த மாணவர்களே.

தோற்ற அணி பாதியில் விலகிக்கொண்டது என்று இதைச் சுருக்கிவிட்டால் விஷயம் கையைவிட்டுப் போய்விடும். இதில் பார்க்க வேண்டியது ஸ்கோர் அல்ல, ஆள் கணக்கு. கல்லூரி அணிகளை நடத்துபவர்களுக்கும், உடற்கல்வித் துறையில் இருப்பவர்களுக்கும், பிள்ளைகளை மோதல் விளையாட்டுகளுக்கு அனுப்பும் பெற்றோருக்கும் பயன்படும் என்று நினைத்து, நடந்ததை நடந்த வரிசையில் எழுதுகிறேன். வீரர், பயிற்சியாளர், நிர்வாகி என்று சம்பந்தப்பட்ட யாருடைய பெயரும் இதில் வராது.

## பின்னணி: ஊரும் கல்லூரியும்

கிரினெல் சுமார் 9,000 பேர் வாழும் சிற்றூர். மாநிலத் தலைநகர் டெமாயினிலிருந்து கிழக்கே 80-ஆம் எண் நெடுஞ்சாலையில் போனால் ஒரு மணி நேரம். சுற்றிலும் மக்காச்சோளமும் சோயாவும் விளையும் நிலம். 1846-ல் தொடங்கிய கல்லூரியில் ஏறக்குறைய 1,700 பேர் படிக்கிறார்கள். விண்ணப்பிக்கும் நாலு பேரில் ஒருவருக்கு இடம் கிடைத்தாலே அதிகம். படிப்பில் அவ்வளவு கெடுபிடி.

பணத்துக்கும் குறைவில்லை. இன்டெல் நிறுவனத்தைத் தொடங்கிய இருவரில் ஒருவரான ராபர்ட் நாய்ஸ் இங்கே படித்தவர். அந்த நிறுவனம் தளிர்விட்ட காலத்திலேயே கல்லூரி அதில் முதலீடு செய்தது. வாரன் பஃபெட் இங்கே பல ஆண்டுகள் அறங்காவலராக இருந்தார். 2019-ஐ ஒட்டிய ஆண்டுகளில் கல்லூரியின் நிதியிருப்பு சுமார் 200 கோடி டாலர். 1,700 பேர் படிக்கும் இடத்துக்கு இது மிகப் பெரிய தொகை. இந்த எண்ணை மனதில் வைத்துக்கொள்ளுங்கள். அணியின் பிரச்சினை பணமில்லாத பிரச்சினை அல்ல என்பது பின்னால் முக்கியமாகும்.

இந்த ஆட்டத்தில் கிரினெலுக்குப் பழம்பெருமையும் உண்டு. 1889 நவம்பர் 16 அன்று கிரினெல், அயோவா பல்கலைக்கழக அணியை 24-0 என்று தோற்கடித்தது. மிசிசிப்பி ஆற்றுக்கு மேற்கே இரண்டு கல்லூரிகள் மோதிய முதல் கால்பந்து மேட்ச் அதுதான் என்று சொல்லப்படுகிறது. அன்று தோற்ற பல்கலைக்கழகம் இன்று சுமார் 70,000 பேர் அமரும் அரங்கத்தில் ஆடுகிறது. அந்த அரங்கமும் கிரினெலிலிருந்து காரில் ஒரு மணி நேரத் தொலைவுதான்.

## இந்த ஆட்டம் எத்தனை ஆள் கேட்கும்

நாம் கால்பந்து என்று சொல்வது வேறு ஆட்டம். அமெரிக்கக் கால்பந்தில் இரு முனையும் குவிந்த பந்தைக் கையில் ஏந்தி ஓடுவார்கள், எறிவார்கள். பந்தோடு வருபவரை எதிரணி பிடித்துத் தரையில் சாய்க்கும். நாலு முயற்சிக்குள் 10 கெஜம் முன்னேற வேண்டும். முடியாவிட்டால் பந்து கைமாறும். ஒவ்வொரு முயற்சியையும் பிளே என்பார்கள்.

களத்தில் ஒரு நேரத்தில் ஒரு பக்கத்துக்கு 11 பேர்தான். ஆனால் பந்து தம்மிடம் இருக்கும்போது ஆடும் 11 பேர் வேறு, எதிரணி பந்தோடு வரும்போது தடுக்கும் 11 பேர் வேறு. உதைத்து ஆரம்பிக்கும் ஆட்டங்களுக்கு மூன்றாவதாக ஒரு கூட்டம் இறங்கும். ஆட்களை எத்தனை தடவை வேண்டுமானாலும் மாற்றலாம். ஆகவே 22 பேர் என்பது முதல் வரிசை மட்டும். அவர்களுக்குப் பின்னால் மாற்று ஆட்கள், அவர்களுக்கும் பின்னால் இன்னும் உடல் தேறிக்கொண்டிருக்கும் முதலாண்டுப் பையன்கள். கல்லூரி அணி ஒன்றின் பெயர்ப்பட்டியல் நூறைத் தொடுவது சாதாரணம்.

முன்வரிசையில் நிற்கும் லைன்மேன் ஒருவரை மட்டும் பக்கத்தில் போய்ப் பார்க்கலாம். ஒரு கை விரல்களைப் புல்லில் ஊன்றி, முதுகைத் தாழ்த்திக் குந்தியிருப்பார். நடுவில் இருப்பவர் தன் கால்களுக்கிடையே பந்தைப் பின்னால் தள்ளிய நொடியில் எழும்பி, ஒரு கை தூரத்தில் நிற்கும் நூறு கிலோவுக்கு மேற்பட்ட ஆளின் மார்பில் இரண்டு உள்ளங்கைகளையும் பதித்து முட்டித் தள்ளுவார். நாலைந்து நொடியில் விசில். எழுந்து, இடுப்பில் கைவைத்து மூச்சு வாங்கி, நடந்து வந்து மறுபடி விரல் ஊன்ற வேண்டும். ஒரு பிளே முடிந்து அடுத்தது தொடங்க 40 நொடிதான் அவகாசம். ஒரு மேட்சில் ஓர் அணிக்கு இப்படி அறுபது, எழுபது பிளே வரும். பந்தை எறிபவருக்கும் பிடிப்பவருக்கும் சில பிளேயில் யாரும் மேலே விழாமல் தப்பிவிட வாய்ப்புண்டு. லைன்மேனுக்கு அந்த வாய்ப்பே கிடையாது. ஒவ்வொரு தடவையும் மோதல்தான்.

இதனால்தான் இந்த ஆட்டத்தில் ஆள் எண்ணிக்கை என்பது பாதுகாப்பு ஏற்பாட்டில் ஒரு பகுதி. தலைக்கவசம் போல, தோள்பட்டைக் கவசம் போல.

## மூன்றாம் டிவிஷன் என்றால் என்ன

அமெரிக்கக் கல்லூரி விளையாட்டை நடத்தும் என்சிஏஏ அமைப்பு கல்லூரிகளை மூன்று டிவிஷன்களாகப் பிரித்திருக்கிறது. கிரினெல் மூன்றாவதில் இருக்கிறது. அங்கே விளையாட்டுக்காக உதவித்தொகை தரக் கூடாது. குடும்ப வருமானம், மதிப்பெண் பார்த்துத் தரும் உதவி வேறு. நன்றாக ஆடுகிறான் என்பதற்காக ஒரு டாலர்கூடத் தர முடியாது. தொலைக்காட்சிப் பணமும் இல்லை. ஆடுபவர்கள் ஆசைக்காக ஆடுகிறார்கள். காலையில் வேதியியல் ஆய்வகம், மாலையில் பயிற்சி.

இந்த விதிக்கு ஒரு பக்க விளைவு உண்டு, அது இந்த நிகழ்வைப் புரிந்துகொள்ள அவசியம். அணியை விட்டு விலகினால் மாணவருக்குப் படிப்பு போகாது, உதவித்தொகையும் போகாது. முதல் டிவிஷனில் இருப்பவர் இப்படி வாக்களிக்கும் முன் தன் கல்விக் கட்டணத்தை நினைத்துப் பார்க்க வேண்டியிருக்கும். கிரினெல் மாணவர்களுக்கு அந்தக் கட்டு இல்லை. நினைத்ததைச் சொல்ல முடிந்தது.

இன்னொரு விஷயமும் உண்டு. இது என் கணிப்பு. நடுமேற்கு மாநிலங்களில் பல சிறு கல்லூரிகள் மாணவர் கட்டணத்தை நம்பி ஓடுகின்றன. அங்கே கால்பந்து அணி என்பது நூறு மாணவர்களைக் கொண்டுவந்து சேர்க்கும் வழி. இத்தனை பேரைச் சேர்த்தாக வேண்டும் என்று பயிற்சியாளருக்கு இலக்கே இருக்கும். 200 கோடி டாலர் வைத்திருக்கும் கல்லூரிக்கு அந்த நெருக்கடி கிடையாது. இடம் கேட்டு வரிசையில் நிற்பவர்கள் ஏராளம். அதனால் அணியில் ஆள் குறைந்தபோது கல்லூரியில் வேறு எந்த மூலையிலும் வலிக்கவில்லை. வலித்தது களத்தில் நின்றவர்களுக்கு மட்டும்தான்.

## ஆகஸ்ட்: 39

2019 சீசனை கிரினெல் அணி 39 பேரோடு தொடங்கியது. பிரச்சினை அந்த நாளே வந்துவிட்டது என்பது என் கருத்து.

22 பேர் முதல் வரிசை போனால் 17 பேர் மிச்சம். அதில் உதைப்பவர் ஒருவர், பந்தை எறியும் குவார்ட்டர்பேக்குக்கு மாற்று ஒருவர் போகட்டும். பதினைந்து பேர் எல்லா இடங்களுக்கும் மாற்று. அதிலும் இடம் மாறி ஆட முடியாத சிக்கல் உண்டு. வேகமாக ஓடிப் பந்து பிடிக்கும் 75 கிலோ பையனை முன்வரிசையில் நிறுத்த முடியாது. நிறுத்தினால் அவனுக்கு அடிபடும், அவன் பின்னால் நிற்கும் குவார்ட்டர்பேக்குக்கும் அடிபடும். ஆகவே 39 என்ற மொத்த எண்ணைவிட, லைன்மேன்கள் எத்தனை பேர் என்ற எண்தான் உண்மையைச் சொல்லும்.

ஆள் ஏன் குறைவு? ஒரே காரணம் சொல்ல முடியாது. இந்தக் கல்லூரியில் இடம் கிடைக்கும் அளவுக்கு மதிப்பெண்ணும், கல்லூரி மட்டத்தில் ஆடும் உடலும் ஒருவரிடமே இருப்பது அபூர்வம். அப்படி ஒருவர் இருந்தாலும் அவரைத் தேடி வேறு கல்லூரிகளும் வரும். தோற்றுக்கொண்டிருக்கும் அணி, மெலிந்த பட்டியல் என்பதைப் பார்த்துவிட்டுப் பள்ளி மாணவர் ஒதுங்குவார். அடுத்த ஆண்டு பட்டியல் இன்னும் மெலியும்.

நாட்டளவில் வீசிய காற்றும் இதற்கு எதிராகவே இருந்தது. அமெரிக்கப் பள்ளிகளில் இந்த ஆட்டம் ஆடுபவர் எண்ணிக்கை 2008-09 வாக்கில் 11 லட்சத்தைத் தாண்டி, பிறகு படிப்படியாக இறங்கி, 2019-ல் பத்து லட்சத்தை ஒட்டி வந்துவிட்டது. தலைக்காயம் பற்றிய அச்சம் அதற்கு ஒரு காரணம். 2017-ல் வெளியான ஆய்வு ஒன்றில், இறந்த 202 ஆட்டக்காரர்களின் மூளைகளைப் பரிசோதித்தார்கள். 177 பேருக்கு சிடிஇ என்ற நாள்பட்ட மூளைச் சிதைவு இருந்தது. கல்லூரி அளவில் ஆடி நிறுத்திய 53 பேரில் 48 பேருக்கு இருந்தது. சந்தேகம் இருந்த குடும்பங்கள்தான் பெரும்பாலும் மூளையைத் தானம் கொடுத்திருக்கும். ஆகவே ஆடுகிறவர்களில் பத்துக்கு ஒன்பது பேருக்கு வரும் என்று இதை வைத்துச் சொல்லிவிடக் கூடாது. ஆனாலும் பதினெட்டு வயதுப் பையனின் அம்மாவுக்கு அந்த எண்ணே போதும்.

## செப்டம்பர்: எண்ணிக்கை இறங்கியது

செப்டம்பரில் மூன்று மேட்ச். மூன்றும் தோல்வி. மாதம் முடியும்போது ஆடும் உடல்நிலையில் இருந்தவர்கள் 28 பேர். 39-லிருந்து 11 குறைவு. இந்த ஆட்டத்தில் 11 என்றால் ஒரு பக்கத்து அணி முழுவதும்.

28 என்ற எண்ணை ஒரு பயிற்சி நாளில் வைத்துப் பார்க்க வேண்டும். அடுத்த சனிக்கிழமை எதிரணி எப்படி ஆடும் என்று பழக, தம் ஆட்களிலேயே 11 பேரை எதிரணி மாதிரி நிறுத்துவார்கள். நூறு பேர் உள்ள அணியில் அந்த வேலையை இளையவர்கள் செய்வார்கள். முதல் வரிசைக்காரர்கள் ஓய்வெடுத்து ஓய்வெடுத்துப் பழகுவார்கள். 28 பேரில் 22 பேர் எதிரெதிரே நின்றால் ஓரத்தில் ஆறு பேர். அதாவது சனிக்கிழமை ஆட வேண்டிய அதே ஆட்கள், செவ்வாயும் புதனும் ஒருவர் மேல் ஒருவர் மோதிக்கொள்ள வேண்டும்.

அது வேண்டாம் என்று பயிற்சியில் மோதலைக் குறைக்கலாம். குறைத்தால் இன்னொரு பக்கம் இடிக்கும். தலையை நிமிர்த்தி, தோளால் மோதி ஆளைச் சாய்ப்பது பழகிப் பழகி வர வேண்டிய கலை. பழக்கமில்லாமல் மேட்சில் இறங்கினால் தலை முன்னே போகும். களைத்த உடலிலும் அதே கதைதான்: கால் வேலை செய்யாதபோது ஆள் குனிந்து தலையால் மோதுவார். பயிற்சி செய்தாலும் காயம், செய்யாவிட்டாலும் காயம். இந்த இடத்துக்கு வந்துவிட்ட அணியைத் திறமையான பயிற்சித் திட்டம் எதுவும் மீட்காது. ஆள் வந்தால்தான் மீளும், ஆள் நடு சீசனில் வராது.

மேட்ச் நாளில் கணக்கு இன்னும் மோசம். உதைத்து ஆரம்பிக்கும் பிளேயில் இரண்டு கூட்டங்கள் எதிரெதிர்த் திசையில் முழு வேகத்தில் ஓடி வந்து மோதும். ஆட்டத்திலேயே அபாயமான நேரம் அது. சாதாரணமாக அதில் மாற்று ஆட்களை இறக்குவார்கள். 28 பேரில் மாற்று ஆட்கள் எங்கே இருக்கிறார்கள்? தடுப்பில் ஆடிக் களைத்தவரே அதற்கும் ஓட வேண்டும். போதாததற்கு, பின்தங்கும் அணியால் பந்தைக் கையில் அதிக நேரம் வைத்திருக்க முடியாது. தடுப்பு ஆட்கள் களத்தைவிட்டு வெளியே வந்து தண்ணீர் குடிப்பதற்குள் மறுபடி உள்ளே போக வேண்டியிருக்கும்.

ஒரு தனி வீரருக்கு அடிபட்டால் என்ன செய்வது என்பதற்கு விதி இருக்கிறது. 2010-லிருந்து எல்லாக் கல்லூரிகளும் மூளை அதிர்ச்சிக்கென்று எழுதிய திட்டம் வைத்திருக்க வேண்டும் என்கிறது என்சிஏஏ. அறிகுறி தெரிந்தவரை உடனே வெளியே எடுக்க வேண்டும். மூளை அதிர்ச்சி என்று உறுதியானால் அன்று திரும்ப அனுப்பக் கூடாது. அதற்குப் பிறகும் படிப்படியாகத்தான் களத்துக்கு விட வேண்டும். நல்ல விதி. ஆனால் அது அடிபட்டவர் தன் தலைவலியை வெளியே சொல்வதை நம்பி இருக்கிறது. தன் இடத்தில் ஆட வேறு ஆளே இல்லை, தான் வெளியேறினால் 70 கிலோ முதலாண்டுப் பையன்தான் அங்கே போவான் என்று தெரிந்த ஒருவர் சொல்வாரா? பல பேர் பல்லைக் கடித்துக்கொண்டு நிற்பார்கள். மெலிந்த பட்டியல் விதியை மீறுவதில்லை. விதிக்குக் கிடைக்க வேண்டிய தகவலை நிறுத்திவிடுகிறது. இந்த நிகழ்வை எழுத வேண்டும் என்று எனக்குத் தோன்றியதே இந்த இடத்தில்தான்.

## முடிவு: வாக்கெடுப்பு

எண்ணிப் பார்த்தால் அவர்கள் முன்னால் மூன்று வழிகள் இருந்தன. இருக்கிறவர்களை வைத்து ஏழு மேட்ச்களையும் ஆடி முடிக்கலாம். பலமான அணிகளோடு ஆடுவதைத் தவிர்த்து, ஒன்றிரண்டு மட்டும் ஆடலாம். அல்லது அப்படியே நிறுத்தலாம்.

முதல் வழியில் 28 என்பது அப்படியே இருக்காது. மூன்று மேட்சில் இறங்கிய வேகத்தில் இன்னும் இறங்கும். நவம்பரில் 22 பேர்கூட மிஞ்சுவது நிச்சயமில்லை. இரண்டாவது வழி கேட்க நன்றாக இருக்கிறது. ஆனால் மிட்வெஸ்ட் கான்ஃபரன்ஸ் என்ற தொடரில் ஆட ஒப்புக்கொண்ட அணி, எதிராளியைப் பார்த்துத் தேர்ந்தெடுக்க முடியாது. ஆடும் ஒன்றிரண்டு மேட்சிலும் அபாயம் அதே அபாயம்தான்.

வீரர்கள் வாக்களித்தார்கள், மூன்றாவது வழியை எடுத்தார்கள். காரணமாகச் சொன்னது உடல்நலமும் பாதுகாப்பும். கல்லூரி அதை ஏற்றுக்கொண்டு அக்டோபர் 1 அன்று வெளியே சொன்னது.

இதில் கவனிக்க வேண்டியது, முடிவெடுத்தவர்கள் யார் என்பது. பயிற்சியாளரால் இதை எளிதில் சொல்ல முடியாது; நிறுத்துவோம் என்று அவரே சொன்னால் பையன்களை நம்பாதவர் என்றாகும், தன் வேலையில் தோற்றவர் என்றும் ஆகும். நிர்வாகம் மேலிருந்து நிறுத்தினால் மாணவர்களின் ஆட்டத்தைப் பறித்ததாக ஆகும். ஒவ்வொருவரும் அடுத்தவர் பேசட்டும் என்று காத்திருக்க எல்லாக் காரணமும் இருந்த நேரத்தில், இழப்பு அதிகம் யாருக்கோ அவர்களே பேசினார்கள். வலியைத் தாங்குவதே வீரம் என்று எட்டு வயதிலிருந்து சொல்லிக்கொடுக்கும் ஆட்டம் இது. அதில் வளர்ந்த இருபது வயதுப் பையன், பக்கத்தில் நிற்பவன் முகத்தைப் பார்த்துக்கொண்டே நிறுத்துவோம் என்று வாக்களிப்பது சின்ன விஷயமில்லை. என்னைக் கேட்டால் அந்த சீசனில் காட்டிய பெரிய துணிச்சல் அதுதான்.

அதே நேரம், இந்தச் சுமை அவர்கள் தோளுக்கு வந்திருக்கவே கூடாது என்பதையும் சொல்ல வேண்டும்.

## அதற்குப் பிறகு

செய்தி நாடு முழுக்கப் பரவியது. மாணவர் பத்திரிகையிலிருந்து தேசிய நாளிதழ்கள் வரை எழுதின. எதிர்த்து ஆட இருந்த அணிகளுக்கு அட்டவணையில் ஒரு சனிக்கிழமை காலியானது. அங்கேயும் கடைசி ஆண்டு மாணவர்கள் இருந்தார்கள். பத்தே மேட்ச் உள்ள சீசனில் ஒன்று போவது அவர்களுக்கும் இழப்புதான்.

அணியை மறுபடி கட்டுவது என்று கல்லூரி நின்றது. ஆனால் 2020-ல் கொரோனா வந்து அந்த இலையுதிர் கால விளையாட்டுகள் நின்றுபோயின. கிரினெல் அணி மறுபடி களத்தில் இறங்கியது 2021-ல். இடையில் இரண்டு ஆண்டு. 2019-ல் முதலாண்டு படித்தவர்களுக்கு அடுத்த மேட்ச் மூன்றாம் ஆண்டில்தான் வாய்த்தது.

இதே நெருக்கடிக்கு வந்த மற்றக் கல்லூரிகள் வேறு வேறு வழி போனதையும் வைத்துப் பார்க்க வேண்டும். பென்சில்வேனியாவின் ஸ்வார்த்மோர் 2000 டிசம்பரில் அணியையே கலைத்தது. நூறு பேர் வேண்டும் என்ற ஆட்டத்துக்காகச் சேர்க்கையில் இத்தனை இடங்களை ஒதுக்க முடியாது என்பது அங்கே பேசப்பட்ட காரணம். இண்டியானாவின் எர்ல்ஹாம், 53 மேட்ச் தொடர்ந்து தோற்ற பிறகு, 2018 நவம்பரில் அணியை நிறுத்திவைத்தது. லாஸ் ஏஞ்சலிஸில் உள்ள ஆக்சிடென்டல் கல்லூரி 2017-ல் ஆள் பற்றாமல் பாதி சீசனில் நிறுத்தி, திரும்ப வந்து, 2020 அக்டோபரில் ஒரேயடியாக மூடியது.

எனக்கு அதிகம் சொல்லிக்கொடுப்பது மினசோட்டாவின் மெக்காலெஸ்டர். 1974-லிருந்து 1980 வரை 50 மேட்ச் தொடர்ந்து தோற்ற அணி அது. 2002-ல் தன் தொடரிலிருந்து கால்பந்தை மட்டும் விலக்கிக்கொண்டு, தன் பலத்துக்கேற்ற எதிரணிகளைத் தேடித் தனியாக ஆடியது. பன்னிரண்டு ஆண்டுக்குப் பிறகு, 2014-ல், கிரினெல் ஆடும் அதே மிட்வெஸ்ட் கான்ஃபரன்ஸில் சேர்ந்தது. சேர்ந்த ஆண்டே பட்டமும் வென்றது. அணியைக் கொல்லாமல், அணியால் தாங்க முடியாத அட்டவணையை மாற்றினார்கள். ஆனால் அதை நடு சீசனில் செய்ய முடியாது. ஆண்டுக் கணக்கில் முன்கூட்டி யோசிக்க வேண்டும்.

## என்ன மாற வேண்டும்

முதலாவது, எண்ணை ஆகஸ்டிலேயே எழுதிவைக்க வேண்டும். மொத்தத் தலைக்கணக்காக இல்லாமல் இடவாரியாக. என் கணக்கில், முன்வரிசைக்கு மட்டும் நல்ல உடல்நிலையில் எட்டுப் பேராவது இருக்க வேண்டும்: ஐந்து பேர் ஆட, மூன்று பேர் மாற. ஏழாக இறங்கினால் அந்த வாரம் மோதல் பயிற்சி கிடையாது. ஆறானால் சனிக்கிழமை மேட்ச் கிடையாது. இந்த எண்கள் ஒவ்வோர் அணிக்கும் வேறுபடலாம். அடிபடும் முன்பே, யாருக்கும் கோபமோ அவமானமோ இல்லாத நாளில் எழுதப்பட்டிருக்க வேண்டும் என்பதில் மட்டும் விட்டுக்கொடுக்க முடியாது. ஒருவரை எப்போது வெளியே எடுப்பது என்பதற்கு எழுதிய திட்டம் வைத்திருக்கிறோம். அணியை எப்போது வெளியே எடுப்பது என்பதற்கும் ஒன்று வேண்டும்.

அடுத்தது, அந்த எண்ணை வாராவாரம் பார்ப்பவர் பயிற்சியாளராக இருக்கக் கூடாது. அணியின் உடல்நலப் பொறுப்பாளர் பார்க்கட்டும். நேரே கல்லூரி நிர்வாகத்துக்குச் சொல்லட்டும். பயிற்சியாளர் நல்லவரா இல்லையா என்பதல்ல கேள்வி. சனிக்கிழமை ஜெயிக்க வேண்டியவரிடம் சனிக்கிழமையை ரத்து செய்யும் வேலையைக் கொடுப்பது அவருக்கே கொடுமை.

கல்லூரியின் பங்கும் இருக்கிறது. ஓர் அணியை வைத்திருப்பதா வேண்டாமா என்பது அவர்கள் உரிமை. வைத்திருப்பது என்றால் அதற்கு வேண்டிய ஆட்களைச் சேர்க்கும் வேலையையும் சேர்த்தே ஏற்க வேண்டும். சேர்க்கை அலுவலகமும் விளையாட்டுத் துறையும் ஒரே மேஜையில் உட்கார வேண்டும். சேர்க்க மனமில்லை என்றால் மெக்காலெஸ்டர் போல அட்டவணையை மாற்றலாம், அல்லது ஸ்வார்த்மோர் போல வெளிப்படையாக மூடலாம். 39 பேரைக் கொடுத்து அனுப்பிவிட்டு என்ன ஆகிறது பார்ப்போம் என்பது இந்த மூன்றிலும் சேராது.

கடைசியாக, நான்காம் ஆண்டு மாணவர்கள். அவர்களுக்கு அடுத்த சீசன் என்று ஒன்று இல்லை. செப்டம்பரில் ஆடிய மூன்றாவது மேட்சே தங்கள் கடைசி மேட்ச் என்பது அதை ஆடும்போது அவர்களுக்குத் தெரிந்திருக்க வாய்ப்பில்லை. ஆள் பற்றாது, இந்த ஆண்டு நாலே மேட்ச்தான் என்று ஆகஸ்டில் ஒருவர் உட்கார வைத்துச் சொல்லியிருந்தால், வருத்தப்பட்டிருப்பார்கள், சிலர் கோபப்பட்டிருப்பார்கள். ஆனாலும் கடைசி சனிக்கிழமை எது என்று தெரிந்திருக்கும். அப்பா அம்மாவை அன்றைக்கு வரச் சொல்லியிருப்பார்கள்.